மூன்றாம் பக்கம், கீழ் மூலை

ஏட்டையாவின் கையெழுத்து நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அவர் வாக்கியங்கள் முடிவதே இல்லை. அதனால்தான் ஐயா, இந்த வாக்குமூலத்தை நானே எழுதித் தருகிறேன் என்று தாள் கேட்டு வாங்கினேன். பதினைந்து வருடம் பத்திரிகை நடத்தியவன் நான். என் சங்கதியை இன்னொருவர் எழுதி, அதில் நான் கையெழுத்துப் போடுவது எனக்குச் சரிப்படாது.

பெயர் அர்த்தநாரி. வயது ஐம்பத்தெட்டு. சொந்த ஊர் குண்டடம் பக்கம். 1993இல் எங்கள் விவசாயக் காட்டை விற்றபோது அண்ணனும் தம்பியும் தங்கள் பங்கில் பனியன் கம்பெனி வைத்தார்கள். நான் ‘பின்னலூர் வாரச்செய்தி’ தொடங்கினேன். அவர்களுக்கு வெளிநாட்டு ஆர்டர் வருகிறது. எனக்கு வேலம்பாளையத்தில் ஒரு மாடி அறையும் ஒரு கணினியும் இரண்டு நாற்காலியும் இருந்தன. செய்தி எழுதுவது, பக்கம் கட்டுவது, கடை கடையாகப் போடுவது எல்லாம் நானே. எட்டுப் பக்கம். புதன்கிழமை கோவையில் அச்சாகி வியாழன் காலையில் வந்துவிடும்.

என் தலையங்கத்தை ஊரில் யாரும் படித்ததில்லை. ஒருமுறை சோதித்துப் பார்க்கவென்றே போன வாரத் தலையங்கத்தையே மறுபடியும் போட்டேன். ஒருவரும் கேட்கவில்லை. அவர்கள் படித்தது மூன்றாம் பக்கத்தின் கீழ் மூலையை. அங்கேதான் ‘காணவில்லை’ விளம்பரம் வரும்.

பனியன் கம்பெனிகளை நம்பித் தெற்கிலிருந்து குடும்பம் குடும்பமாக வந்த ஊர் இது. பிள்ளைகள் காணாமல் போவது வாடிக்கை. பாதிப் பேர் காதலித்து ஓடியவர்கள். ‘அம்மா படுத்த படுக்கை, உடனே வா’ என்ற விளம்பரத்தை அவர்கள் நம்ப மாட்டார்கள். பிடித்து உதைப்பதற்காக உறவுக்காரர்கள் போடுவது அது என்று அவர்களுக்குத் தெரியும். அதற்கு நான் ஒரு வழி கண்டுபிடித்தேன். ஓடிப்போன பிள்ளை என் அலுவலகத்துக்கு ஒரு கடிதம் எழுதி, பெற்றவருக்கு மட்டுமே தெரிந்த ஏதாவது ஒன்றைக் கேட்கலாம். பதில் அடுத்த வார விளம்பரத்தில் கடைசி வரியாக வரும். பதில் சரியாக இருந்தால் வீட்டுக்கு வரலாம். தப்பாக இருந்தால் வேறு யாரோ தேடுகிறார்கள் என்று புரிந்துகொண்டு தப்பித்துக்கொள்ளலாம். இப்படி முப்பத்தொரு பேர் வீடு சேர்ந்தார்கள். இதையும் பதிவு செய்துகொள்ளுங்கள்.

2001இல் என் மனைவி மாரக்காள் இறந்தாள். எங்களுக்குக் குழந்தை இல்லை. அண்ணன் ஊட்டு விசேஷங்களுக்குப் பத்திரிகை மட்டும் தபாலில் வரும். சில வாரங்களில் டீக்கடையில் ‘ஒரு டீ’ என்று சொன்னதைத் தவிர நான் வாய் திறந்திருக்க மாட்டேன். தனியாக இருந்தேன். சொல்ல எனக்கு வெட்கமில்லை.

2005 சித்திரையில் பாண்டியம்மாள் படியேறி வந்தார். சாத்தூர் பக்கத்துக்காரர். ஒரு கம்பெனியில் பிசிறு வெட்டுகிற வேலை. மகள் வேல்விழி, வயது பத்தொன்பது, வேறொரு கம்பெனியில் தன்னோடு வேலை பார்த்த ராபின் என்ற டெய்லரோடு போய்விட்டாள். கூடவே தங்கியிருந்த தாய்மாமன், கண்டால் வெட்டுவேன் என்று அரிவாளோடு அலைந்தானாம்.

“நான் வயித்துல சுமந்த புள்ள அய்யா. யாரோட வேணா இருக்கட்டும். எனக்குக் கோவமில்லன்னு மட்டும் போடுங்க” என்றார்.

அவருக்குப் படிக்கத் தெரியாது. வியாழன்தோறும் வேலை முடிந்து வருவார். நான் விளம்பரத்தை வாசித்துக் காட்டுவேன். பிறகு, மற்ற செய்திகளையும் வாசிக்கச் சொல்லிக் கேட்டார். தலையங்கத்தைக்கூடக் கேட்டார். “நெசந்தான்யா” என்பார். தூக்குவாளியில் கருவாட்டுக் குழம்பு கொண்டுவருவார். எதிர் நாற்காலியில் மாரக்காளுக்குப் பிறகு யாரும் அவ்வளவு நேரம் உட்கார்ந்ததில்லை.

ஐந்தாம் வாரம் முதல் கடிதம் வந்தது. ‘இந்த விளம்பரம் அம்மா போட்டதா, மாமா போட்டதா? அம்மாதான் என்றால், நாங்கள் திருப்பூர் வந்த புதிதில் கட்டிங் வேஸ்ட் துணியில் எனக்கு ஒரு தலையணை உறை தைத்துக் கொடுத்ததே, அது என்ன நிறம்? அப்போது மாமா எங்களோடு இல்லை.’

அந்த வியாழன் பேச்சோடு பேச்சாக அதைக் கேட்டேன். பாண்டியம்மாள் சிரித்தே விட்டார். “ஒரு பக்கம் பச்ச, மறு பக்கம் ஆரஞ்சு அய்யா. ரெண்டு ஆர்டர் வேஸ்ட்டு. கிளி மாதிரி இருக்குன்னு புள்ள கட்டிப்பிடிச்சுக்கிட்டே தூங்கும்.” அவர் சிரித்து நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. அரிவாளோடு அலைந்த தன் தம்பி ஊரோடு போய்விட்டான் என்றும் அன்றைக்குத்தான் சொன்னார். இனி பயமில்லை என்றார்.

அவர் போன பிறகு கணினியில் அந்த வரியை அடித்தேன். அடித்து, பார்த்து, அழித்துவிட்டேன். அடுத்த வாரம் போட்டால் ஒன்றும் குடிமுழுகிப் போகாது என்று தோன்றியது. அடுத்த வாரமும் அப்படியே தோன்றியது.

ஆவணியில் இரண்டாவது கடிதம் வந்தது. அதில் அருள்புரம் முகவரி இருந்தது. வயிற்றில் பிள்ளைக்கு எட்டு மாதம் ஆகிறது, அம்மாவைப் பார்க்க வேண்டும்போல் இருக்கிறது என்று எழுதியிருந்தாள். ‘இந்த வாரமும் பதில் இல்லையென்றால் நானே உங்கள் ஆபீசுக்கு வந்து கேட்டுக்கொள்கிறேன். நீங்கள் அப்பா மாதிரி’ என்று முடித்திருந்தாள்.

நிதானமாக யோசித்தேன். அவள் வந்தால் பாண்டியம்மாள் அவளோடு போய்விடுவார். அதற்கப்புறம் அவருக்கு என் படியேற ஒரு காரணமும் இல்லை. பேரப்பிள்ளையை வைத்துக்கொண்டு யார் வாரச்செய்தி கேட்பார்கள்? அதோடு, வயிற்றுப்பிள்ளைக்காரி பஸ்ஸில் அலைவதும் நல்லதல்ல. பிரசவம் முடிந்து வரட்டுமே என்றும் நினைத்தேன். இரண்டும் சேர்த்தே நினைத்தேன்.

அந்த வார விளம்பரத்தின் கடைசி வரி: ‘தலையணை உறை நீல நிறம்.’ பாண்டியம்மாளுக்கு வாசித்தபோது அந்த ஒரு வரியை மட்டும் விட்டுவிட்டேன்.

மறுநாள் மாலை, எப்போதாவது எனக்குச் செய்தி தரும் குண்டடம் பகுதிநேர நிருபர் போனில் ஒரு செய்தி சொன்னார். பஸ் நிறுத்தத்தில் ஒரு கர்ப்பிணிக்கு வலி கண்டு, ஆஸ்பத்திரி போய்ச் சேருவதற்குள் தாயும் பிள்ளையும் இறந்துபோனார்கள். துணிப்பையோடு வெயிலில் வெகுநேரம் நின்றாளாம். பெயர் வேல்விழி. “மூணாம் பக்கம் போட்ரலாங்களா?” என்று கேட்டார்.

“இந்த வாரம் எடமில்லீங்க” என்றேன்.

எடம் இருந்தது. அந்த இடத்தில் வழக்கமான விளம்பரத்தைப் போட்டேன். ‘வேல்விழி, அம்மாவுக்குக் கோபமில்லை, எங்கிருந்தாலும் வா.’ அதன் பிறகு இரண்டே முக்கால் வருடம் போட்டேன். தீபாவளி வாரத்திலும் விடவில்லை. ஒவ்வொரு வியாழனும் அவர் கேட்பார்: “இந்த வாரமாச்சும் எதாச்சும் வந்துச்சாய்யா?” நான் சொல்வேன்: “இல்லீங்க அம்மணி. பாக்கலாங்க, உக்காருங்க.” ஒரு நாளும் கடுமையாகப் பேசியதில்லை.

இந்த ஜூன் மாதம் இரண்டாம் வியாழன் ராபின் வந்தான். அவளைத் தன் ஊரில் புதைத்துவிட்டு அங்கேயே இருந்தவன், வேலைக்காகத் திரும்பி வந்திருக்கிறான். கையில் அந்தப் பழைய விளம்பரம். பாண்டியம்மாள் எதிரே உட்கார்ந்திருந்தார். இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்ததில்லை.

“சார், இந்த நீலக் கலரு, இத யாரு குடுத்தா? இதப் பாத்துட்டுத்தான் மாமா வாராருன்னு, நான் கம்பெனிலேர்ந்து வர முன்னாடியே வேல்விழி எங்க ஊருக்குக் கிளம்பிப் போனா.”

பாண்டியம்மாள் என்னைத்தான் பார்த்தார், அவனை அல்ல. “அய்யா, இந்தத் தம்பி என்ன சொல்லுது? நம்ம தலகாணி பச்சையில்ல?”

அவர் எழுந்து நின்றார். பிறகு உட்கார்ந்தார், தரையில். ராபின் மீதியைச் சொன்னான்; இங்கே புகார் கொடுத்தபின் நடந்தது உங்களுக்குத் தெரியும்.

வேல்விழி இருந்த இடம் எனக்குத் தெரிந்திருந்தது. அவள் வராமல் இருக்க வேண்டுமென்றேதான் தப்பான நிறத்தைப் போட்டேன். அவள் இறந்தது தெரிந்தும், அவளைப் பெற்றவருக்கு அந்த விளம்பரத்தை வாரந்தோறும் வாசித்தேன். யாரும் என்னைக் கட்டாயப்படுத்தவில்லை. சுயநினைவோடு எழுதுகிறேன்.

ஒரே ஒரு விண்ணப்பம். இதை என்றாவது பாண்டியம்மாளுக்கு வாசித்துக் காட்டத்தான் வேண்டியிருக்கும். கோர்ட்டில் வேகமாக வாசித்துவிடுவார்கள், அவருக்குப் பிடிபடாது. அவரைக் கூப்பிட்டு அனுப்புங்கள் ஐயா, நானே நிதானமாக வாசித்துக் காட்டுகிறேன். வேறு யார் வாசித்தாலும் அவருக்கு மனசு ஒப்பாது.