நகக்கண் அளவு

முதலில் அந்த ஜன்னல் திரையைக் கொஞ்சம் இழுத்துவிடலாமா, ஐயா? இடது பக்கம் இறங்கியிருக்கிறது. கோணலாக எதையாவது பார்த்துக்கொண்டிருந்தால் எனக்குப் பேச்சு வராது. நன்றி. இப்போது எழுதிக்கொள்ளுங்கள்.

விண்மீன் சீரமைப்பு அலுவலகத்தில் இருபத்தாறு வருடமாக வேலை பார்க்கிறேன். வெளியே இருப்பவர்கள் இதை மந்திரம் என்கிறார்கள். எங்களுக்கு இது முதுகுவலி. துணி காயப்போடும் கொடியைப் போல வானமும் நாளாக ஆகத் தொய்யும். விண்மீன்கள் இடம் விட்டு இறங்கும். அவற்றை ஏற்றி வைப்பதுதான் வேலை. அதையும் பகலில்தான் செய்கிறோம். பகலிலும் மீன்கள் அங்கேயேதான் இருக்கின்றன, பார்க்கத்தான் ஆள் இல்லை. கதவு ஜன்னலைச் சாத்தி, கறுப்புத் தட்டில் தண்ணீர் ஊற்றி, மீனின் பெயரை மூச்சடக்கி ஏழு முறை சொன்னால், தண்ணீரில் நொய்யரிசி அளவுக்கு ஓர் ஒளி வந்து நிற்கும். அதை நடுவிரலால் தள்ளினால் மேலே மீனும் நகரும். தட்டில் நகக்கண் அளவு தள்ளினால் கடலில் ஒரு படகு இரண்டு மைல் விலகிப் போய்விடும்.

அதனால்தான் படகுக்காரர்கள் திசை பார்க்கிற வழிமீனுக்கு மட்டும் தனி விதி உண்டு. துறைமுகத்துக்குச் சீட்டு அனுப்பி, முத்திரை வைத்த பதில் வந்த பிறகுதான் அதைத் தொட வேண்டும். அன்று நான் சீட்டு அனுப்பவில்லை. என் வேலையில் இதுதான் முதல் தவறு. வெட்கமாகத்தான் இருக்கிறது.

அக்காவைப் பற்றிக் கேட்டீர்கள். அப்பா அம்மா போன பிறகு வீட்டில் நாங்கள் இரண்டே பேர். எந்தச் சாமான் எங்கே என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லலாம். என் சட்டைகளை அவள்தான் தேய்ப்பாள். காலரில் ஒரு சுருக்கம் இருக்காது. நாற்பத்து நாலாவது வயதில் அவள் கல்யாணம் செய்துகொண்டாள். மாப்பிள்ளை மாலைப் படகை ஓட்டுகிறவர். துறைமுகத்தில் அவரைச் சுக்கான் என்றுதான் கூப்பிடுவார்கள். எங்கள் வீட்டுக்கே குடிவந்தார். ஈரத் துண்டை நாற்காலி முதுகில் போடுவார். உப்பு ஜாடியை எடுத்த இடத்தில் வைக்க மாட்டார். அவர் வந்த பிறகு அக்கா சத்தமாகச் சிரிக்க ஆரம்பித்தாள். அதற்கு முன்பும் சிரிப்பாள், பக்கத்து அறைக்குக் கேட்காது.

"மச்சான், வானத்துக்கே இஸ்திரி போடுற ஆளு நீ. என் சட்டைக்கும் ஒரு இழுப்பு இழுத்துடேன்" என்பார் சுக்கான். அக்கா விழுந்து விழுந்து சிரிப்பாள். நான் அவரை வெறுத்தேன் என்று தாராளமாக எழுதிக்கொள்ளலாம். ஆனால் அதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை.

அவருக்கு எதிர்க்கரைக்கு மாற்றல் வந்தபோது நிம்மதியாக இருந்தது. போகட்டும், மாதம் ஒரு தடவை வந்து பார்க்கட்டும் என்று நினைத்தேன். அக்காவும் போகிறாள் என்பது அவள் பெட்டி கட்டுகிறபோதுதான் என் மண்டையில் ஏறியது.

என் எண்ணமெல்லாம் எதிர்க்கரைக்கு அவர் ஓட்டிப்போகிற படகு தாமதமாக வேண்டும் என்பதுதான். வழி தப்பிச் சுற்றி அலைந்து திரும்பி வரும். நேரம் தவறுகிற ஆளை எதிர்க்கரையில் சேர்த்துக்கொள்ள மாட்டார்கள், மாற்றல் ரத்தாகும். தெற்கே பாறைகள் இருப்பது தெரியாதா என்று கேட்கிறீர்கள். தெரியும். அலுவலகத்துக் கடல் வரைபடம் என் நாற்காலிக்கு நேர் எதிரே மாட்டியிருக்கிறது. பாறைகளுக்குச் சிவப்பு மை பூசியதே நான்தான்.

இன்னொன்று. அக்கா அந்தப் படகில் இருந்தது எனக்குத் தெரியாது என்று நேற்றுச் சொன்னேன். அதைத் திருத்திக்கொள்கிறேன். அன்று நாலு மணிக்கு அவள் அலுவலகத்துக்கே வந்தாள். வீட்டுச் சாவியை என் மேஜையில் வைத்தாள்.

"ஒரு மாசத்துக்குச் சட்டையெல்லாம் தேச்சு அடுக்கியிருக்கேன். அப்புறம் நீயே தேச்சுப் பழகிக்கோ."

எத்தனை மணிக்குப் படகு என்று கேட்டேன்.

"ஆறு மணிக்கு. வழிமீனப் பாத்துக்கிட்டே போவேன். அது என் தம்பி துடைச்சு வெச்சதுன்னு அவர்கிட்ட சொல்லுவேன்" என்றாள். போகும்போது என் காலரை ஒரு முறை நீவிவிட்டாள். எனக்கு அழுகை வந்தது. அவள் படியிறங்கிப் போகிற சத்தம் அடங்கும் வரை காத்திருந்தேன். அப்புறம் தட்டில் தண்ணீர் ஊற்றினேன்.

நான் அகப்பட்டது என் நல்ல பழக்கத்தால். ஒரே வாரத்தில் இரண்டு முறை தொட்ட மீன், தொட்டவன் கையைக் கண்டால் தட்டில் நடுங்கும். இது எங்களுக்கு முதல் வாரப் பாடம். நகர்ந்த மீனை அப்படியே விட்டிருந்தால், வானத்தின் தொய்வு என்று எழுதி நீங்களே கோப்பை மூடியிருப்பீர்கள். மறுநாள் காலை அலுவலகத்தில் எல்லோரும் பாறையில் மோதிய படகைப் பற்றிப் பேசிக்கொண்டு நின்றார்கள். நான் உள்ளே போய் மீனைப் பழைய இடத்தில் ஏற்றி வைத்தேன். அது கோணலாக நின்றுகொண்டிருக்கும்போது மற்ற வேலை எப்படி ஓடும்? பிறகு நீங்கள் எங்களை வரிசையாகத் தட்டின் மேல் கை நீட்டச் சொன்னீர்கள். என் கைக்கு மட்டும் அது நடுங்கியது. பயத்தில் நடுங்குகிறது என்றார் மேலதிகாரி. எனக்கு அப்படித் தோன்றவில்லை. பழகிய கை, அவ்வளவுதான்.

படகில் இருபத்து மூன்று பேர். கரை சேர்ந்தவர் சுக்கான் ஒருவர்தான், நன்றாக நீந்துவார். மற்ற இருபத்திரண்டு பேரையும் நான்தான் கொன்றேன் என்று எழுதியிருக்கிறீர்கள். கையெழுத்துப் போடுகிறேன். வாக்கியம் சரியாகத்தான் இருக்கிறது, ஓரத்தில் மட்டும் இடம் சமமாக விட்டிருக்கலாம்.

ஒரே ஒரு வேண்டுகோள். ஞாயிற்றுக்கிழமைகளில் ஒரு மணி நேரம் என்னைக் கல்லறைத் தோட்டத்துக்குக் கூட்டிப்போக முடியுமா? அக்கா ஊரை விட்டுப் போகவில்லை என்பது எனக்குப் பெரிய ஆறுதல். ஆனால் சுக்கான் தினமும் அங்கே போய் உட்கார்ந்திருக்கிறாராம். பூக்களையெல்லாம் கோணலாக வைத்துவிட்டு வருகிறாராம்.