மாப்பிள்ளைக்குத் தைத்த ஃபிளானல்

— நீர் தைச்ச இந்த ஃபிளானல் பேண்ட்டைப் பாரும், மெஹபூப் அலி. மாப்பிள்ளைக்கு முழங்காலுக்கு மேல ஏறலை. இழுத்து இழுத்துப் பாத்துட்டு, கோவத்துல ரூம் கதவைச் சாத்திண்டுட்டார். நாளைக்குக் காத்தால சேப்பாக்கத்துல மைசூரோட ரஞ்சி மேட்ச்.

— இன்னா வக்கீல் சார் சொல்றீங்கோ? நான் அளவு எடுத்துத்தானே வெட்டினேன்.

— பிரிச்சு விட முடியுமா?

— பிரிக்கறதுக்கு உள்ள துணி ஏது சார்? சண்டைக் காலம். கன்ட்ரோல்ல மல்லுத் துணியே கெடைக்கல, ஃபிளானல் எங்க கீது? மெட்ராஸ் பூரா தேடி நீங்க கொண்ணாந்ததே ஒரு பேண்ட்டுக்குத்தான். மாப்ள பழசையே போட்டுக்கட்டும்.

— கல்யாணத்துக்கு அப்புறம் பழசு பத்தலை. எங்காத்துச் சமையல் அப்படி.

— அப்ப வேட்டில ஆடட்டுமே.

— ஃபிளானல் இல்லாதவன் டீம்ல கிடையாதுன்னு செலக்ஷன் கமிட்டில ரூல் போட்டவனே நான்தானே ஓய்.

— ஆமா சார். அந்த ரூல்லதான் எங்க இனாயத்தை வூட்டுக்கு அனுப்சீங்கோ. ட்ரயல்ல ஆறு விக்கெட் எடுத்தான். மாப்ளைய ரெண்டு தபா அவுட் பண்ணான்.

— உம்ம பிள்ளை நன்னாத்தான் போடறான். ஆனா பைஜாமால போட்டானே. கிரிக்கெட்டுக்குன்னு ஒரு கௌரவம் இருக்கோல்லியோ?

— மாப்ள எப்டி சார் டீம்ல வந்தாரு?

— தலை தீபாவளிக்கு மோட்டார் சைக்கிள் கேட்டார். பெட்ரோலே ரேஷன்ல, அதை வெச்சுண்டு என்ன பண்றது? ரஞ்சி டீம்ல இடம் வாங்கித் தரேன்னு வாக்குக் குடுத்துட்டேன். கமிட்டில எல்லாரும் கையெழுத்துப் போட்டுட்டா. எல்லாராத்துலயும் மாப்பிள்ளை இருக்கார்.

— அப்ப நாளைக்குப் பத்து பேர்தானா?

— பத்தே பேர். பன்னண்டாவது ஆளுக்கு மலேரியா. மைசூர்க்காரா சிரிப்பா, ஓய். ஃபிளானலோட ஒருத்தனை இனிமே எங்கே போய்த் தேடறது?

— ஃபிளானல் கைல கீது சார். ஆள்தான் வோணும்.

— இது யாருக்கய்யா பொருந்தும்? இடுப்பு என்ன, முப்பது இருக்குமா?

— இருபத்தெட்டு.

— உம்ம இனாயத்துக்கு?

— அவனுக்கும் அதான் சார்.

— ம்... சரி. எட்டு மணிக்கு இதைப் போட்டுண்டு வரச் சொல்லும். மாப்பிள்ளைக்கு நான் எதையாவது சொல்லிக்கறேன். ஆனா ஒண்ணு, மெஹபூப் அலி. இருபது வருஷமா எனக்குக் கோட்டு தைக்கறீர், ஒரு நூல் பிசகினதில்லை. மாப்பிள்ளை இடுப்புல டேப் பிடிச்சப்போ மனசுல என்னதான் நினைச்சுண்டிருந்தீர்?

— டீமு ஜெயிக்கணுமேன்னு நெனச்சேன், சார்.