வெறும் வயித்துப் பாம்பு

இல்லண்ணே, உங்களையும் சேர்த்துத்தான் திருத்தணும். கிராமத்துல பொறந்தவனுக்கெல்லாம் பாம்பு பிடிக்க வரும்னு நெனைக்கிறீங்க பாருங்க, அது மகா தப்பு. ஊர் உலகமே நம்பிக்கிட்டிருக்குற தப்பு. கோழிப்பண்ணையில முட்டை பொறுக்குறவன் நான். இப்பவும் லீவு விட்டா அந்த வேலைதான். பாம்பைப் பார்த்தா அங்க எனக்கு ஒரே பொறுப்பு, கத்திக்கிட்டு ஓடுறது. அதுல என்னை அடிச்சுக்க ஆள் கிடையாது. பிடிக்கிறது எங்க மாமா.

அந்த லாரியைத் தாண்டிடுங்கண்ணே. உங்க ஆட்டோ இதைவிட வேகமாப் போகும்ல?

கேட்ல நின்னு கை தட்டுனாங்களே, எல்லாம் ஹாஸ்டல் பசங்க. வந்த புதுசுல எனக்கு முட்டைன்னு பேர் வச்சாங்க. சாப்பிட உக்காந்தா, டேய் முட்டை, அடைகாக்கப் போகலையாம்பாங்க. நானும் சேர்ந்து சிரிப்பேன், வேற என்ன பண்றது. ஒருநாள் வாய் சும்மா இருக்காம, பண்ணையில நான் பிடிக்காத பாம்பான்னு அளந்து விட்டுட்டேன். மறுநாளே அண்ணன்னு கூப்பிட்டு நடு நாற்காலியில உக்கார வச்சாங்க. சுகமான நாற்காலிண்ணே அது.

இன்னிக்குக் குளியலறைப் பக்கம் ஒண்ணு வந்துடுச்சு. பிடிக்கிற ஆளுக்கு ஃபோன் போடுறேன்னாரு வார்டன். எதுக்கு சார், நம்ம அண்ணன் இருக்காருன்னு என்னை முன்னால தள்ளிட்டானுங்க. அங்க கெடந்த வாளியை எடுத்துக்கிட்டுப் போனேன். மாமா செய்றதைப் பார்த்திருக்கேன்ல. நிதானமாக் குனிவாரு, கழுத்தைப் பிடிப்பாரு, தூக்குவாரு. நானும் நிதானமாத்தான் குனிஞ்சேன். மாமா பிடிக்கிறதெல்லாம் முட்டையை முழுங்கிட்டு நகர முடியாமக் கெடக்குற பாம்புன்னு அப்பதான் உறைச்சுது. இது வெறும் வயித்தோட இருந்துச்சு.

எப்படியோ வாளிக்குள்ள தள்ளி மூடிட்டேன். ஒரே விசில். ஆஸ்பத்திரியில அத்தையைப் பார்க்கணும்னு சொல்லிட்டு ஓடி வந்து உங்க வண்டியில ஏறினேன்.

அத்தையா? அப்படி யாரும் அங்க இல்லண்ணே.

அங்கயே சொல்லியிருக்கலாம்தான். சொன்னா மறுபடியும் முட்டை.

பெரிய ஆஸ்பத்திரியில இதுக்கு மருந்து வச்சிருப்பாங்கல்ல? நீங்க இந்த மாதிரி யாரையாவது ஏத்திட்டுப் போயிருக்கீங்களா? அவங்க திரும்பி வந்தாங்களா? சரி, வேணாம், சொல்லாதீங்க.

ஃபோன் அடிக்குது, எங்கம்மாவாத்தான் இருக்கும். நீங்க எடுத்துக் குடுக்குறீங்களா? ஐயோ, நிறுத்தாதீங்க, ஓட்டிக்கிட்டே எடுங்க. பசங்க பார்த்துடக் கூடாதுன்னு கையைப் பாக்கெட்டுக்குள்ள விட்டேன். இப்ப வீங்கிப்போயி வெளிய வர மாட்டேங்குது.