அடிமரத்தில் பூத்தது

ரோட்டுக்காரர்: ஏணியைப் பிடிச்சுப் பிடிச்சுக் கை விட்டுப்போச்சு. மேல ஏதாவது தெரியுதா?

செடிக்காரி: இலைதான் தெரியுது.

ரோட்டுக்காரர்: இலையை வச்சே என்ன மரம்னு முடிவு பண்ணிடேன்.

செடிக்காரி: போன வருஷம் அப்படித்தான் பண்ணேன். அபூர்வ மரம்னு ஊரைக் கூட்டினேன், நீங்களும் ரோட்டு வேலையை நிறுத்தினீங்க. கடைசியில அது வேலியோர மரம். ஆபீஸ்ல இன்னும் சிரிக்கிறாங்க.

ரோட்டுக்காரர்: நான் சிரிக்கலையே.

செடிக்காரி: தலையணையில முகத்தைப் புதைச்சுக்கிட்டு சிரிச்சீங்க.

ரோட்டுக்காரர்: ...கொஞ்சமாத்தான்.

செடிக்காரி: இந்தத் தடவை பூவைக் காட்டாம வாயைத் திறக்க மாட்டேன்.

ரோட்டுக்காரர்: ரோட்டுக்காக இந்த மரத்தை வெட்ட நாளைக்கு ஆளுங்க வர்றாங்க. ஞாபகம் இருக்குல்ல?

செடிக்காரி: இருக்கு, இருக்கு. ஏணியை ஆட்டாதீங்க.

ரோட்டுக்காரர்: ஆமா, இது அவரைக் குடும்பம்னு சொன்னியே. அவரை பந்தல்லதானே படரும்? இது என்ன, ஆகாசத்துக்கு நிக்குது?

செடிக்காரி: உங்க குடும்பத்துல எல்லாரும் ஒரே உயரமா? உங்க தம்பியைப் பாருங்க.

ரோட்டுக்காரர்: அவனை ஏன் இழுக்கிறே... வேற எங்கயும் கிடையாதா இது?

செடிக்காரி: வேர் ஓடையில நனையணும், மேல பெரிய மரத்து நிழல் வேணும். காயைத் தண்ணி அடிச்சிட்டுப் போய் சேத்துல ஒதுக்கினாத்தான் முளைக்கும். இந்த ஓடையைத் தாண்டி நான் பார்த்ததே இல்லை.

ரோட்டுக்காரர்: உன்னை மாதிரி. பிடிச்ச இடத்தை விட்டு அசையாது.

செடிக்காரி: அசையறதுக்குத்தான் நீங்க இருக்கீங்களே. மாசத்துல பாதி நாள் கூடாரம்.

ரோட்டுக்காரர்: பூ கிடைச்சா ரோடு அந்தக் கரைக்குப் போகும். முதல்ல இருந்து அளக்கணும். இன்னும் மூணு மாசம் கூடாரம்தான்.

செடிக்காரி: ...தெரியும்.

ரோட்டுக்காரர்: அப்போ தேடறியா, இல்லை தேடற மாதிரி நடிக்கிறியா?

செடிக்காரி: என்ன பேச்சு இது?

ரோட்டுக்காரர்: நீ உச்சியையே பார்த்துக்கிட்டிருக்கே. இங்க அடிமரத்துல, என் மூக்குக்கு நேரா, பட்டையைப் பிளந்துகிட்டு வெள்ளையா ஏதோ...

செடிக்காரி: தொடாதீங்க, உதிர்ந்துடும்.

ரோட்டுக்காரர்: அப்போ நீ முன்னாடியே பார்த்துட்டே.

செடிக்காரி: வந்ததுமே பார்த்துட்டேன். இது அடிமரத்துலதான் பூக்கும். சொன்னா உடனே சாமானைத் தூக்கிட்டுக் கிளம்பிடுவீங்க. ஒரு காலை நேரமாவது என்கூட இருக்கட்டுமேன்னு... கோபமா?

ரோட்டுக்காரர்: முதல்ல இறங்கு. நாளைக்கு யாரும் வரலை. போன வாரம் நீ இலையைக் கொண்டுவந்து காட்டின அன்னிக்கே ஆளுங்களை வேண்டாம்னு சொல்லிட்டேன். வெறும் இலையை நம்பி ரோட்டை மாத்திட்டேன்னு தெரிஞ்சா, மறுபடியும் தப்பாயிடுமோன்னு நீ தூங்கியிருக்க மாட்டே.