இரு கன்னத்திலும் வெளிச்சம்

என் பெயரும் தகப்பனார் பெயரும் விலாசமும் முதல் வாக்குமூலத்தில் உள்ளபடியே. வயது இருபத்தாறு. திருமணம் ஆகவில்லை. என் சித்தப்பா நடத்திவந்த போட்டோ ஸ்டூடியோவில், எடுத்த படங்களைக் கம்ப்யூட்டரில் திருத்தும் வேலை பார்த்துவந்தேன், இப்போதும் பார்க்கிறேன். சித்தப்பாவைக் கொன்றதாக ஒரு லாரி ஓட்டுநர் என் சாட்சியத்தின் பேரில் சிறையில் இருக்கிறார். அன்று ஸ்டூடியோவிலிருந்து திருடுபோன கேமரா அவரிடம் கிடைக்கவில்லை. என்னைத் தவிர அவருக்கு எதிராக வேறு சாட்சியும் இல்லை. விசாரணை தொடங்கும் முன், யாருடைய தூண்டுதலும் இல்லாமல் நானாக வந்து நீதிபதி முன்னிலையில் இதைச் சொல்கிறேன்.

ஸ்டூடியோ முதல் மாடியில் உள்ளது. ஏறிப்போகும் படிக்கட்டு நடுவில் ஒருமுறை திரும்பும். அந்தத் திருப்பத்தில் சுவரில் ஒரு சின்ன ஜன்னல், தலைக்கு மேல் ஒரு பல்பு. சம்பவத்தன்று மதியம் மின்சாரம் இல்லை. வேலை ஓடாததால் நான் வெளியே போய்ச் சாப்பிட்டுவிட்டுத் திரும்பிப் படியேறியபோது, மேலேயிருந்து ஒருவர் வேகமாக இறங்கிவந்து, திருப்பத்தில் என்னைக் கண்டு ஒரு கணம் நின்று, பிறகு என் தோளை இடித்துக்கொண்டு கீழே போனார். அதன் பிறகு நான் மேலே சென்று, சித்தப்பா கதவருகில் தலையில் அடிபட்டுக் கிடந்ததையும், மேஜை மேல் கேமரா இல்லாததையும் பார்த்தேன். அவர் நினைவு திரும்பாமலே மருத்துவமனையில் இறந்துபோனார்.

அதன் பிறகு ஆய்வாளர் எங்கள் வீட்டுக்கு வந்து, அன்று எங்கள் தெருவில் சரக்கு இறக்கிக்கொண்டிருந்த லாரி கம்பெனியிலிருந்து வாங்கிவந்த ஓட்டுநர்களின் படங்களை ஒவ்வொன்றாகக் காட்டினார். அவற்றில் ஒன்றைக் கண்டதும் நிறுத்தச் சொன்னேன். இந்த முகம் எனக்கு நன்றாகத் தெரியும் என்றேன். "எங்க பாத்தீங்க?" என்று கேட்டார். படிக்கட்டில் என்றேன். அந்தக் கேள்விக்கு வேறு பதில் இருக்கக்கூடும் என்று அப்போது எனக்குத் தோன்றவில்லை.

அதன் பிறகு சிறையில் நடந்த அடையாள அணிவகுப்பில், ஏறக்குறைய ஒரே உயரமுள்ள ஆட்கள் வரிசையாக நின்றார்கள். நான் தயங்காமல் போய் அதே ஓட்டுநரைக் கை காட்டினேன். அவருடைய இடது புருவத்தை இரண்டாகப் பிரிக்கும் தழும்பு ஒன்று இருந்தது. படத்தில் அது இல்லை; என் முதல் வாக்குமூலத்திலும் இல்லை. நான் கையைத் தூக்குவதற்கு முன் அவர் என்னைப் பார்த்து லேசாகத் தலையசைத்தார். தெரிந்தவர்களைக் கண்டால் எல்லாரும் செய்கிற தலையசைப்பு. திமிர் என்று நினைத்தேன். வெளியே வந்ததும் தழும்பைப் பற்றி ஆய்வாளரிடம் சொன்னேன். "இருட்டுல தெரிஞ்சிருக்காதும்மா, விடுங்க" என்றார். எனக்கும் அது சரியென்று பட்டது.

அதன் பிறகு, போன வாரம், வீட்டுச் சுவரில் மாட்டுவதற்குச் சித்தப்பாவின் படம் ஒன்றைப் பெரிதாக்கித் தரும்படி சித்தி கேட்டார். சித்தப்பா ஊரையெல்லாம் படமெடுத்தவர்; தன்னை யாரையும் எடுக்கவிட்டதில்லை. கிடைத்தது, ஜன்னலோரம் நின்று அவர் டீ குடிக்கும் படம் ஒன்றுதான். முதுகுக்குப் பின்னால் வெளிச்சம், முகம் கருத்திருந்தது. வழக்கம்போல் முகத்தை மட்டும் தனியாக எடுத்து, முதலில் இடது கன்னத்துக்கும் பிறகு வலது கன்னத்துக்கும் வெளிச்சம் கொடுத்தேன். முகம் மேலெழுந்து வந்தது. அப்போது என் கை நின்றுபோனது. படிக்கட்டில் பார்த்ததாக என் நினைவிலிருக்கும் முகத்துக்கும் இரு கன்னத்திலும் வெளிச்சம் இருக்கிறது. மூக்கின் நிழல்கூட இல்லை. எங்கள் ஸ்டூடியோவில் ஸ்டூலின் இருபுறமும் நிற்கும் விளக்குகளுக்கு நடுவே உட்கார்ந்தால்தான் ஒரு முகம் அப்படி இருக்கும். படிக்கட்டில் நின்றவருக்குப் பின்னால்தான் ஜன்னல் இருந்தது.

அதன் பிறகு, எதிரில் பிரேம் போடும் கடைக்காரரை மதியம் அதே நேரத்தில் அழைத்துவந்து, பல்பை அணைத்துவிட்டு, அந்தத் திருப்பத்தில் நிற்கச் சொல்லி, நான் கீழிருந்து ஏறிப் பார்த்தேன். சின்ன வயதிலிருந்து எனக்குத் தெரிந்தவர். "பொண்ணு பாக்க வந்த மாதிரி நிக்க வச்சிட்டியே, மூஞ்சி தெரியுதா இல்லியா?" என்றார். குரல் அவருடையது. காது தெரிந்தது, தோள் தெரிந்தது. முகம் இருக்க வேண்டிய இடத்தில் ஒன்றும் இல்லை.

அதன் பிறகுதான் அந்த ஓட்டுநர் ஞாபகத்துக்கு வந்தார். சம்பவத்துக்குச் சில வாரங்கள் முன்பு, வேலைக்கு விண்ணப்பிக்கப் படம் எடுத்துக்கொள்ள வந்தவர். சித்தப்பா எல்லாரிடமும் சொல்வதுபோல், "சிரிக்காதீங்க, சிரிச்ச மூஞ்சிக்கு எவனும் வேலை குடுக்க மாட்டான்" என்றார். ஓட்டுநர் என் பக்கம் திரும்பி, "அந்தத் தழும்ப மட்டும் எடுத்துடும்மா. பாக்கிறவங்க ரவுடின்னு நெனச்சிடுறாங்க" என்றார். நான் அந்தப் புருவத்தைத் திரை முழுக்கப் பெரிதாக்கி, ஒவ்வொரு முடியாக வரைந்து சேர்த்தேன். அவ்வளவு பக்கத்தில் அவரைப் பெற்றவளும் பார்த்திருக்க மாட்டாள். கம்பெனிக்குப் போன அந்தப் படத்தைத்தான் ஆய்வாளர் என்னிடம் காட்டினார்.

இதையெல்லாம் சித்தியிடம் சொன்னேன். சித்தி, "நீ பாத்தேன்னு சொன்னதாலதான்டி நான் ராத்திரி கண்ண மூடித் தூங்குறேன். இப்ப அவன் இல்லன்னா, தெருவுல போற ஒவ்வொருத்தனையும் நான் உத்துப் பாக்கணுமா?" என்றார்.

அந்த ஓட்டுநர் படியில் வந்தவர் இல்லை என்று நான் சொல்லவில்லை. அன்று அவர் தெருவில் இருந்தார், வந்தவராகவும் இருக்கலாம். என் கண் அதைச் சொல்லாது என்பதை மட்டுமே சொல்கிறேன். படிக்கட்டை நினைக்கும்போதெல்லாம் இப்போதும் அந்த முகம்தான் இறங்கிவருகிறது, திருத்திய புருவத்தோடு. அதற்கு அடியில் வேறொரு முகம் இருந்திருந்தால் அது அழிந்துவிட்டது. மீட்க எனக்கு வழி தெரியவில்லை. நாளை கோர்ட்டில் நிறுத்தி ஆளைக் காட்டச் சொன்னால் என் கை அவரை நோக்கித்தான் எழும். அதனால்தான் முன்கூட்டியே வந்தேன்.

எழுதியதைப் படித்துக் காட்டக் கேட்டேன். நான் சொன்னபடியே இருக்கிறது. இதில் உள்ளவை யாவும் உண்மை. முதல் வாக்குமூலத்தின் அடியிலும் இதையே சொல்லித்தான் கையெழுத்திட்டேன். அன்றும் நான் பொய் சொல்லவில்லை என்பதையும் சேர்த்து எழுதிக்கொள்ளும்படி கேட்டுக் கையெழுத்திடுகிறேன்.

(ஒப்பம்)
சாட்சி