கிராமுக்கு மூன்று ரூபாய்

காரைக்கால் சூப்பர் மார்க்கெட்டின் பில் வரிசையில் எனக்கு முன்னால் ஒரு கணவனும் மனைவியும் நின்றார்கள். அவர் துபாயிலிருந்து விடுப்பில் வந்திருப்பது பேச்சில் தெரிந்தது. அவர் கையில் ஐம்பது கிராம் காபித்தூள் பாட்டில். அவள் கையில் இருநூறு கிராம்.

“சின்னதுல கிராம் நாலு ரூபா வருது மச்சான். பெருசுல மூணுதான்.”

“வீட்டுல நான் ஒருத்தன்தான் காபி குடிக்கிறேன். இருவது நாள்ல கெளம்பிருவேன். மிச்சத்த என்ன செய்வே?”

“மிச்சம் வைக்காதீங்க. குடிச்சு முடிச்சுட்டுப் போங்க.”

“வேலை போயிடும் புள்ள.”

“நான் கிராம் கணக்குதான் சொன்னேன்.”

அவர் அவள் கையிலிருந்த பெரிய பாட்டிலை வாங்கி, அடியிலிருந்த தேதியைப் படித்தார்.

“ஒன்னர வருஷம் கெடாதாம்.”

அவர் சின்ன பாட்டிலை அலமாரியில் வைத்துவிட்டு வந்து வரிசையில் நின்றார்.