பன்னிரண்டடி தள்ளி நட்ட புதர்

குதிரை விழப்போகிற தரையை வெட்டுவதென்றால் முதல் நாளே தண்ணீர் ஊற்றி ஊறவிட வேண்டும். கலிபோர்னியாவின் அந்த மலையடி மண் காய்ந்துவிட்டால் கடப்பாரையே தெறிக்கும். பதினைந்தடிக்குப் பதினைந்தடி, முழங்கால் ஆழம் வெட்டி, கல்லைப் பொறுக்கி, மணலும் மரத்தூளும் கொட்டி, மேலே காய்ந்த மண்ணைத் தூவிவிட்டால் கேமராவுக்கு எதுவும் தெரியாது. பாய்ந்து வருகிறவனுக்கும் தெரியாது. அதனால் நடுவில் ஒரு புதரைப் பிடுங்கி நட்டுவைப்போம். அதைப் பார்த்துத்தான் கடிவாளத்தை இழுத்துக் குதிரையைச் சாய்ப்பான்.

எம்மெட் க்ரௌடருக்கு வெட்டுவது நான். எனக்கு வெட்டுவது அவன். ஓக்லஹோமாவில் பருத்தி பொறுக்கிய இருவரும் ஒன்றாக ஹாலிவுட் வந்து, பதினொரு வருஷம் நடிகர்களுக்குப் பதிலாகக் குதிரையிலிருந்து விழுந்தே பிழைத்தோம். கூட்டாளி வெட்டிய தரையைக் காலால் அழுத்திப் பார்ப்பது எங்களுக்குள் அவன் முகத்தில் துப்புவதற்குச் சமம். எம்மெட் ஒரு நாளும் பார்த்ததில்லை.

அவன் மூக்கைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். மதுக்கடைச் சண்டைக் காட்சி ஒன்றில் என் முழங்கை ஓர் அங்குலம் கூடுதலாகப் போய் அது கோணிக்கொண்டது. அந்தக் கோணல் ஓர் இயக்குநருக்குப் பிடித்துப்போயிற்று. முதலில் ஒரு வரி வசனம். பிறகு கடைக்காரன், துணை ஷெரீஃப், குதிரைத் திருடன். தெருவில் ஆட்கள் அவனைத் திரும்பிப் பார்த்தார்கள். என் முதுகைப் பார்த்தவர்கள் கோடிப் பேர்; முகத்தைப் பார்த்தவன் ஒருவனும் இல்லை. நியாயமாகப் பார்த்தால் அந்த மூக்கில் எனக்குப் பாதி உண்டு. நான் கேட்கவில்லை.

இந்தப் படத்தில் அவனுக்கு எட்டுப் பக்கம் வசனம். பேசுகிற காட்சிகள் அடுத்த வாரம். விழுகிற காட்சி அன்று. காலையில் பீன்ஸ் தின்றுகொண்டிருந்தபோது சொன்னான்:

"இதுதான்டா நான் கடைசியா விழறது. அடுத்த படத்துல எனக்குப் பதிலா நீ விழு, லைல்."

"நானா?"

"வேற எவன்டா? பின்னாலேர்ந்து பாத்தா ரெண்டு பேரும் ஒண்ணுதான். மூஞ்சிய மட்டும் திருப்பிடாத, சனம் பயந்துரும்."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அவன் தன் தட்டிலிருந்த பன்றிக்கறித் துண்டை எடுத்து என் தட்டில் வைத்தான். நல்ல மனசுக்காரன்.

புதர் குழியிலிருந்து பன்னிரண்டடி தள்ளி நிற்பது படச்சுருளில் தெரிகிறது என்கிறீர்கள், ஷெரீஃப். சரியாகத்தான் தெரிகிறது. சாப்பிட்டு எழுந்ததும் நான்தான் மாற்றி நட்டேன். அங்கே அடியில் பாறை.

குதிரை எழுந்துகொண்டது. எம்மெட் எழவில்லை. முதலில் ஓடியது நான்தான்.

"எங்கடா தப்பு?" என்றான்.

"நீதான்டா முந்தி இழுத்துட்ட."

"அப்பிடியா... வயசாயிருச்சு போல. மன்னிச்சுக்கடா, உன் வேலையக் கெடுத்துட்டேன்."

கால் மணி நேரத்தில் போய்விட்டான். கூட்டாளியைச் சந்தேகப்பட்டுச் சாவதைவிட இது அவனுக்கு நல்லது என்று எனக்குப் பட்டது.

மூன்றாம் நாள், அந்த வேஷத்துக்கு யாரைப் போடுவது என்று இயக்குநர் தலையைச் சொறிந்தார். எட்டுப் பக்கத்தையும் காகிதம் பார்க்காமல் சொல்லிக் காட்டினேன். வியந்துபோனார். வியக்க ஒன்றுமில்லை, ஒரு மாதமாகவே படித்துவைத்திருந்தேன்.

வாக்குமூலத்தில் பொறாமையில் செய்ததாக எழுதியிருக்கிறீர்கள். அந்த ஒரு சொல்லை அடித்துவிடுங்கள், மற்றதெல்லாம் சரி. என் முதல் காட்சி ஒரே தடவையில் முடிந்தது. எம்மெட் இருந்திருந்தால் முதலில் கைதட்டியிருப்பவன் அவன்தான்.